ஆணியில் தொங்கிய மச்சான்

அந்தத் திரையரங்கில் படம் பார்த்தவர்களுக்குக் கணக்கே கிடையாது. ஆனால் அவர்களில் ஆபரேட்டரின் முகத்தைப் பார்த்தவர்கள் மிகச் சிலர். பால்கனிக்குப் பின்னால் இரும்புப் படிகளில் ஏறிப் போனால் வரும் மெஷின் ரூம்தான் அவருடைய இடம். அதற்கு ஜன்னல் இல்லை. அரங்கைப் பார்த்த சுவரில் உள்ளங்கை அகலத்தில் சில சதுரத் துளைகள் மட்டும் உண்டு. படம் ஒழுங்காக ஓடும்வரை அப்படியோர் அறை இருப்பது யாருக்கும் நினைவிருக்காது. ஒலி நின்றாலோ படம் மங்கினாலோ அத்தனை தலைகளும் ஒருசேரப் பின்னால் திரும்பும். அப்போது வரும் சொற்களை இங்கே எழுதுவது முறையல்ல. அவற்றில் ஆபரேட்டரின் தாய் தந்தையருக்கும் பங்கு உண்டு என்பதோடு நிறுத்திக்கொள்ளலாம்.

சுவரொட்டி ஒட்டும் வேலைக்குத்தான் அவர் முதலில் அங்கே சேர்ந்தார். அப்போதிருந்த ஆபரேட்டர் யாருக்கும் தொழில் சொல்லிக்கொடுக்காதவர்; யாராவது அறைக்குள் வந்துவிட்டால் மெஷினை முதுகால் மறைத்துக்கொண்டு நிற்பார். அந்த முதுகைப் பார்த்தும், மெஷினின் சத்தத்தைக் கேட்டும், வீசியெறிந்த துண்டுப் படச்சுருள்களை வீட்டுக்குக் கொண்டுபோய்ப் பிரித்துப் பார்த்துமே இவர் தொழிலைத் தானாகப் படித்தார். பின்னாளில் அந்த அறை இவருக்கே வந்தது. கூடவே ஒரு பட்டப்பெயரும் வந்தது. திரையரங்கில் எல்லோரும் அவரைக் கத்திரி என்றே கூப்பிட்டார்கள்.

பெயருக்குக் காரணம் உண்டு. படம் தகரப் பெட்டிகளில் ரீல் ரீலாக வரும். ஒவ்வொரு ரீலும் ஏறக்குறைய இருபது நிமிடம் ஓடும். நாளொன்றுக்கு நான்கு காட்சிகள். படம் நீளமாக இருந்துவிட்டால் ஒரு காட்சி முடிவதற்குள் அடுத்த காட்சியின் கூட்டம் வந்து தெருவை அடைத்துக்கொள்ளும். அப்போது மேனேஜர் மேலே வந்து, கதவோரம் நின்று, "கொஞ்சம் குறைச்சிடு" என்பார். அந்த ஒரு சொல்லுக்கு மேல் அவர் எதுவும் சொன்னதில்லை. எதை எடுப்பது, எங்கே எடுப்பது என்பதெல்லாம் ஆபரேட்டரின் பொறுப்பு. படத்துக்குச் சொந்தக்காரர்களுக்குத் தெரிந்தால் பெரிய வம்பு. ஆகவே வெட்டிய துண்டுகளை எறியக் கூடாது. சுவரில் வரிசையாக ஆணிகள் அடித்து, ஒவ்வொரு துண்டின் தலைப்பகுதியும் மேலே இருக்கும்படி மாட்டி, வால் தரையில் படாமல் துணிப்பைக்குள் விழும்படி தொங்கவிட்டிருப்பார். பெட்டி வேறு ஊருக்குப் போகும் நாளில் எல்லாவற்றையும் அதனதன் இடத்தில் ஒட்டி அனுப்பிவிடுவார். வெட்டியது யாருக்கும் தெரியாது. ஒட்டியதும் தெரியாது.

எதை எடுக்கலாம் என்பதற்கு அவரிடம் ஒரு முறை இருந்தது. பாட்டில் கை வைக்கக் கூடாது. சண்டையைத் தொடக் கூடாது. சிரிப்பு நடிகர் வரும் இடத்தையும் கதாநாயகி வரும் இடத்தையும் நினைத்துக்கூடப் பார்க்கக் கூடாது. கதாநாயகன் முகம் தெரியாத இடமாகப் பார்த்து எடுக்க வேண்டும். இதற்கு அவர் வைத்த பெயர் 'ஆளில்லாத இடம்'. அதற்காக அந்த இடத்தில் ஆளே இருக்க மாட்டார்கள் என்று பொருளில்லை. டிரைவர் இருப்பான், தபால்காரன் இருப்பான், பக்கத்து வீட்டுக்காரி இருப்பாள். இவர்களைப் பார்க்க யாரும் டிக்கெட் வாங்குவதில்லை என்பதே அவர் கட்சி. சுருளைப் பல்பின் முன்னால் பிடித்து, கண்ணைச் சுருக்கி ஒரு பார்வை பார்ப்பார். "யாரோ ஒருத்தன்" என்று வாய் முணுமுணுக்கும். கத்தரிக்கோல் வேலையை முடித்துவிடும்.

இதில் அவருக்குப் பெருமையும் இருந்தது. "நான் எடுத்த இடத்தை எவனாவது கண்டுபிடிச்சுச் சொல்லட்டும், அன்னியோட மெஷினைத் தொடுறதை விட்டுடறேன்" என்று டீக்கடையில் சவால் விடுவார். வீட்டிலும், சாப்பிட உட்கார்ந்த இடத்தில், அன்றைக்கு எந்த டாக்டரைத் தூக்கினார், எந்த வக்கீலைக் காணாமல் போகச் செய்தார் என்று சொல்லிச் சிரிக்க வைப்பார். எதிரே உட்கார்ந்து அதிகமாகச் சிரிப்பவன் அவருடைய மைத்துனன்.

மனைவியின் தம்பியான அவன் ஒரு லாண்டரியில் இஸ்திரி போடுபவன். கல்யாணம் ஆகவில்லை. அம்மாவுடன் அடுத்த தெருவில் இருந்தான்; இரவுச் சாப்பாடு மட்டும் அக்கா வீட்டில். நடிப்பின்மேல் அவனுக்கு ஒரு கிறுக்கு உண்டு. இரண்டு வருடங்களுக்கு முன்பு லீவு போட்டுவிட்டுப் படப்பிடிப்பு நடந்த இடத்தில் போய் நின்று, எப்படியோ ஒரு காட்சியில் நிற்கவும் ஒரு வரி பேசவும் இடம் பிடித்துவிட்டான். திரும்பி வந்து பேசிய பேச்சு கொஞ்சமல்ல. ஆனால் படம் வரவில்லை. முதலாளிகளுக்குள் தகராறு, படம் பாதியில் நின்றுவிட்டது என்றார்கள். லாண்டரியில் 'நடிகரே, இந்தச் சட்டைக்குக் கஞ்சி போடுங்க' என்று ஆரம்பித்த கேலி ஓயவே பல மாதம் ஆயிற்று. அதன்பின் அவன் அந்தப் பேச்சை எடுத்ததே இல்லை.

அந்த வெள்ளிக்கிழமை வந்த படம் நீளமானது. மேனேஜர் கதவோரம் நின்றார். ஆபரேட்டர் நான்கு இடங்களில் வெட்டினார். நான்கு ஆணிகளில் நான்கு துண்டுகள் தொங்கின.

ஞாயிற்றுக்கிழமை மாலைக் காட்சி. இடைவேளை விட்டு, அரங்கில் விளக்குகள் எரிந்துகொண்டிருந்தன. இரும்புப் படிகளில் சேலை சரசரக்கும் ஓசை கேட்டது. ஆபரேட்டர் திரும்பினால், வாசலில் அவருடைய மனைவி நின்றுகொண்டிருந்தாள். பீரோவில் மடித்து வைத்திருந்த நல்ல சேலையைக் கட்டியிருந்தாள்.

"என்னங்க, கீழ யார் யார் வந்திருக்காங்க, சொல்லுங்க பாப்போம்."

"இன்டர்வெல்ல ஏறி வந்து விடுகதை போடறியா? மெஷின் விளக்குக்குக் கார்பன் மாத்தணும், தள்ளி நில்லு."

"தம்பி வந்திருக்கான். அம்மாவும் வந்திருக்காங்க, முட்டி வலியோட."

"சொல்லியிருந்தா கேட்ல சொல்லி உள்ள விடச் சொல்லியிருப்பேன்ல. டிக்கெட் எதுக்கு வாங்கினீங்க?"

"நல்லாருக்கே. தம்பி நடிச்ச படத்துக்கு ஓசியிலயா வருவாங்க?"

ஆபரேட்டரின் கை கார்பன் குச்சியோடு அப்படியே நின்றது.

"பேரை மாத்திட்டாங்களாம்" என்று மூச்சு வாங்கிக்கொண்டே அவள் தொடர்ந்தாள். "அவனுக்குத் தெரிஞ்ச லாரிக்காரன் ஒருத்தன் வெளியூர்ல பார்த்துட்டு மத்தியானம் இந்த வழியா வந்து சொல்லிட்டுப் போயிருக்கான், நீ இந்தப் படத்துல இருக்கே, போய்ப் பாரு, தெரியும்னு. உங்களுக்குச் சொல்லலாம்னா நீங்க காலையிலேயே வந்துட்டீங்க. ஆஸ்பத்திரியில வேலை செய்யறவனா வரானாம். ஹீரோவுக்குக் கதவைத் திறந்து விடறானாம். வசனம் இருக்காம். இடைவேளைக்கு அப்புறம்தானாம். நீங்க பார்த்தீங்களா இல்லையா? ரெண்டு நாளா ஓட்டறீங்களே."

அவருக்கு உடனே தெரிந்துவிட்டது. ஆஸ்பத்திரி, நீண்ட தாழ்வாரம், கதாநாயகனின் முதுகு, வெள்ளைச் சட்டையும் தொப்பியுமாக ஒருவன். மூன்றாவது ஆணி. வெள்ளிக்கிழமை காலையில் பல்பின் முன்னால் பிடித்துப் பார்த்ததும், வாய் முணுமுணுத்த சொல்லும் நினைவுக்கு வந்தன.

அவள் பதிலுக்குக் காத்திருந்தபடியே சுவரைப் பார்த்தாள். அந்த அறைக்கு அவள் அதிகம் வந்ததில்லை. "இதென்ன, ரிப்பன் மாதிரி தொங்குது?" என்று முதல் துண்டைத் தொட்டாள். பிறகு இரண்டாவது. மூன்றாவதை ஆணியிலிருந்து எடுத்து, எல்லோரும் இயல்பாகச் செய்வதுபோல், விளக்குக்கு நேராகப் பிடித்தாள்.

"இவன்தான். பாருங்க, இவனேதான். தொப்பி போட்டிருக்கான், கழுதை."

நகத்தின் அளவுள்ள படம் அது. அவள் ஒரு பார்வையில் கண்டுகொண்டாள். சிரித்தபடி சுருளைக் கைகளுக்குள் ஓடவிட்டு, தம்பி வரும் கட்டங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே முனைவரை போனாள். அங்கே கத்தரித்த விளிம்பைக் கண்டதும் சிரிப்பு நின்றது.

"என்னங்க, என் தம்பி ஏன் ஆணியில தொங்குறான்?"

ஆபரேட்டர் கார்பன் குச்சியைக் கீழே வைத்தார். வீட்டில் சொல்லிச் சிரித்த கதைகள் எல்லாமே அவளுக்கும் தெரியும். அவர் முகத்தைப் பார்த்தே கணக்கைப் போட்டு முடித்துவிட்டாள். கையிலிருந்ததை மெதுவாகச் சுருட்டி அவரிடம் நீட்டினாள்.

"அவன் வர்றதுக்கு முன்னாடி இன்னும் ஒரு ரீல் ஓடணும்" என்றார் அவர், தரையைப் பார்த்து. "அது ஓடி முடியறதுக்குள்ள ஒட்டிப் போட்டுடறேன். நீ கீழ போ. ஒண்ணும் சொல்லாதே."

"நான் என்னத்தைச் சொல்றது" என்று அவள் இறங்கிப் போனாள்.

மணி அடித்தது, விளக்குகள் அணைந்தன. இரண்டு மெஷின்களில் ஒன்றில் ரீல் ஓடத் தொடங்கியதும் அவர் அடுத்த ரீலை மேசையில் ஏற்றி, பழைய ஒட்டு வரும்வரை சுற்றினார். ஒட்டைப் பிரித்தார். மனைவி கொடுத்த சுருளின் வெளிமுனையை எடுத்து வைத்தார். சுருளின் ஒரு ஓரமாக ஒலிக்கோடு ஓடும். அது மற்றப் பகுதியின் ஒலிக்கோட்டோடு ஒரே பக்கத்தில் பொருந்த வேண்டும். பொருத்தினார். பொருந்தியது. டேப் ஒட்டினார். மறுமுனையையும் ஒட்டினார்.

ஒட்டுவதற்கு முன்னால் பல்பில் பிடித்து ஒருமுறை பார்க்க வேண்டும் என்பது அவருடைய வழக்கம். அதில் அவர் தவறியதே கிடையாது. அன்று பார்க்கவில்லை. நேரமில்லை என்று பின்னால் அவர் மேனேஜரிடம் சொன்னது உண்மையல்ல, நேரம் இருந்தது. அந்த முகத்தை இன்னொரு முறை வெளிச்சத்தில் பார்க்க அவருக்குத் துணிவில்லை. ஒலிக்கோடு பொருந்திவிட்டது, அது போதும் என்று விட்டுவிட்டார்.

ஆனால் தலையும் வாலும் மாறி, சுருளும் உட்புறம் வெளிப்புறமாகப் புரண்டிருந்தால், ஒலிக்கோடு அதே பக்கத்தில்தான் இருக்கும். தம்பியைத் தேடிய ஆசையில் அவள் முனைவரை போய், தலைப்பகுதி உள்ளே போகும்படி சுருட்டியிருந்தாள். வெளியே நீட்டிக்கொண்டிருந்தது வால்.

ஆபரேட்டர்கள் படம் பார்ப்பதில்லை. ரீல் முடியும் தறுவாயில் திரையின் மேல் மூலையில் கண்ணிமைக்கும் நேரம் ஒரு புள்ளி தோன்றும். அதைப் பார்த்து அடுத்த மெஷினுக்கு மாற்ற வேண்டும். அவர்களுடைய கண் அந்த மூலையைவிட்டு நகராது. அன்று அவர் துளையில் நெற்றி பதியப் படத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்.

ஆஸ்பத்திரித் தாழ்வாரம் வந்தது. விளக்குகள் கீழே எரிந்தன. தரை மேலே இருந்தது. வெள்ளைச் சட்டைக்காரன் ஒருவன் கூரையில் கால் பதித்து, தலை கீழே தொங்க நின்றான். அவன் வாயைத் திறந்தான். வாய் கொப்பளிப்பதுபோல் ஒரு சத்தம் வந்தது. கதவு தானாக மூடிக்கொள்ள, அவன் பின்பக்கமாக நடந்து போனான்.

முன்வரிசையிலிருந்து ஒருவன் குரல் கொடுத்தான்.

"டேய், வவ்வாலுடா."

"ஆஸ்பத்திரியையே கவுத்துட்டானுங்க. நோயாளியைப் பிடிங்கடா, விழுந்துடப் போறான்."

சிரிப்பு மேலே பால்கனிவரை ஏறி வந்தது. ஒளியை மறைக்கும் தகட்டின் பிடிக்கு ஆபரேட்டரின் கை போனது. மறைத்தால் அவன் வரவே மாட்டான். விட்டால் இப்படி வருவான். கை பிடியின்மேல் இருந்தபடியே இருந்தது. திரையின் வெளிச்சத்தில் பால்கனியில் அவர்கள் மூவரும் தெரிந்தார்கள். மைத்துனன் மற்றவர்களோடு சேர்ந்து சிரிக்க முயன்றுகொண்டிருந்தான். மனைவி முகத்தைச் சேலைத் தலைப்பால் மூடியிருந்தாள். மாமியார் பாதி எழுந்து, முன்சீட்டைப் பிடித்துக்கொண்டு, கழுத்து வளையும் மட்டும் தலையைப் பக்கவாட்டில் சாய்த்து, மகனின் முகத்தை நேராகப் பார்க்கப் பாடுபட்டுக்கொண்டிருந்தார்.

அரை நிமிடத்துக்குச் சற்றுக் கூடுதலாக இருக்கலாம். அவ்வளவுதான் அந்தக் காட்சி.

மேனேஜர் ஓடி வந்தார். "என்னய்யா கத்திரி, கண்ணை வீட்டுல வச்சுட்டு வந்தியா?" விவரத்தைக் கேட்டதும் தலையில் கை வைத்துக்கொண்டார். "உன் மச்சானா? சரி, விடு. பிரிண்ட் அப்படித்தான் வந்துச்சுன்னு சொல்லிடு. வெட்டினது ஒட்டினது எல்லாம் வெளியில போகக் கூடாது. எவன் வந்து பார்க்கப் போறான்?"

காட்சி முடிந்ததும் ஆபரேட்டர் வாசல் படிக்கு இறங்கி வந்தார். அவர் என்ன சொல்லியிருப்பார் என்பது தெரியாது. மாமியார் முந்திக்கொண்டார்.

"ஏன் மாப்பிள்ளை, என் புள்ளையை மட்டும் ஏன் அப்படிக் காட்டினாங்க? மத்தவங்க எல்லாம் நேராத்தானே வந்தாங்க?"

"பிரிண்ட் அப்படி வந்திருக்காம்மா" என்றாள் மனைவி. கணவரின் பக்கம் அவள் திரும்பவில்லை. "அவர் என்ன பண்ணுவார்."

மைத்துனன் நிமிர்ந்தான். "அப்ப எல்லா ஊர்லயும் இப்படித்தான் ஓடுதா மாமா?"

"ம்" என்றார் ஆபரேட்டர்.

அதைச் சொல் என்றுகூடச் சொல்ல முடியாது. ஆனாலும் அது போதுமானதாக இருந்தது.

"அதான் மத்தியானம் வந்தவன், போய்ப் பாரு, தெரியும்னு சொன்னானா" என்று மைத்துனன் மெல்ல முனகிக்கொண்டான். அம்மாவின் கையைப் பிடித்துப் படியில் இறக்கிவிட்டான்.

அடுத்த காட்சிக்கு முன்பே ஆபரேட்டர் அந்தத் துண்டைப் பிரித்து நேராக ஒட்டிவிட்டார். அதற்குப்பின் எல்லாக் காட்சிகளிலும் அவன் நேராகத்தான் நடந்தான், ஒழுங்காகத்தான் பேசினான். பார்க்க வேண்டியவர்கள் மட்டும் வரவில்லை. மைத்துனன் இரவுச் சாப்பாட்டுக்கும் வரவில்லை. மனைவி தட்டில் சோற்றை வைத்துவிட்டு அடுக்களைக்குப் போய்விடுவாள். செவ்வாய்க்கிழமைதான் வாயைத் திறந்தாள்.

"லாண்டரியில அவனை வவ்வால்னு கூப்பிடறாங்களாம். அவன் பாட்டுக்கு அந்த டைரக்டரைத் திட்டிக்கிட்டு உக்காந்திருக்கான். ஊர் ஊரா நம்மளைக் கேலிப்பொருளா அனுப்பியிருக்காங்க, இனிமே எந்தத் தியேட்டர் வாசல்லயும் கால் வைக்க மாட்டேங்கறான்."

"நான்..." என்று ஆரம்பித்தார் அவர்.

"நீங்க வெட்டினதை நான் யார்கிட்டயும் சொல்லல. உங்களுக்காக இல்ல. என் புருஷன் இதைச் செஞ்சாருன்னு சொல்ல எனக்கு வாய் வரல."

பெட்டி வெள்ளிக்கிழமை காலையில் போய்விடும். இரண்டு வருடம் கழித்து வந்த படம் திரும்பவும் இந்தத் திரைக்கு வரும் என்பதற்கு எந்த உறுதியும் இல்லை. மைத்துனன் தன்னைத் தானே நேராகப் பார்க்க வேண்டுமானால் வியாழக்கிழமைக்குள் வர வேண்டும். அவன் வர வேண்டுமானால், பிரிண்ட் தலைகீழாக இல்லை என்பதை யாராவது அவனிடம் சொல்ல வேண்டும். அந்த யாராவது யார் என்பதில் ஆபரேட்டருக்குச் சந்தேகம் இருக்கவில்லை. ஆனாலும் புதன்கிழமை மத்தியானம்வரை அவர் கால்கள் லாண்டரிப் பக்கம் போகவில்லை.

நீராவியும் சோப்பு நெடியுமான நீண்ட கூடம் அது. அவர் தலை தெரிந்ததுமே உள்ளேயிருந்து ஒருவன், "தியேட்டர்காரர் வந்துட்டாரு, எல்லாரும் தலைகீழா நில்லுங்கப்பா" என்றான். சிலர் சிரித்தார்கள். மைத்துனன் கடைசி மேசையில் ஒரு சட்டையின் கழுத்துப்பட்டையை அழுத்திக்கொண்டிருந்தான். நிமிராமலே, "வாங்க மாமா" என்றான்.

"மச்சான், நாளைக்குக் கடைசி. மேட்னிக்கு வா. இப்போ நேரா ஓடுது."

"எப்படி நேராச்சு? எல்லா ஊர்லயும் அப்படித்தான்னு சொன்னீங்க."

"நான் சொல்லல. 'ம்'னேன்."

"'ம்'னா என்ன மாமா அர்த்தம்?"

ஆபரேட்டர் அவன் மேசையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டார். "பிரிண்ட்ல ஒரு கோளாறும் இல்ல. நான்தான் துண்டைத் தலைகீழா ஒட்டிட்டேன். அவசரத்துல."

மைத்துனனின் முகம் மலர்ந்தது. அதை அவர் எதிர்பார்க்கவில்லை. "அவ்வளவுதானா? அப்ப வெளியூர்ல எல்லாம் நேராத்தான் வரேனா? அட, இதை அன்னிக்கே சொல்லித் தொலைச்சிருக்கலாமே. நான் அந்த டைரக்டர் வீட்டுப் பெரியவங்களையெல்லாம் இழுத்துத் திட்டிக்கிட்டிருக்கேன். டேய், கேட்டுக்கோங்கடா, வவ்வால் இங்க மட்டும்தானாம்."

சிரித்துக்கொண்டே சட்டையைப் புரட்டினான். முதுகுப் பக்கத்தில் இஸ்திரிப் பெட்டியை இரண்டு முறை ஓட்டினான். மூன்றாவது முறை ஓடவில்லை.

"ஒட்டினீங்களா? எதுக்கு ஒட்டணும்? அறுந்துபோச்சா?"

படச்சுருள் அறுவது அன்றாடம் நடப்பதுதான். கதவைத் திறந்து, உள்ளே வாருங்கள் என்று அழைப்பதுபோல் இருந்தது அந்தக் கேள்வி. ஆமாம் என்றால் போதும். அத்தோடு முடிந்துவிடும்.

"இல்ல" என்றார் ஆபரேட்டர்.

துணி கருகுமுன் மைத்துனன் பெட்டியைத் தூக்கி நிறுத்தி வைத்தான். குரலைத் தாழ்த்திக்கொண்டான். "வெட்டியிருந்தீங்க."

"ஆமா."

"ஆளில்லாத இடம்."

"மச்சான், அது நகம் அளவுதான் இருக்கும். தொப்பி வேற..."

"அக்கா பார்த்தாளா?"

"பார்த்தா."

"அவளுக்குத் தெரிஞ்சுதா?"

"உடனே."

மைத்துனன் தலையை ஆட்டிக்கொண்டான். "தினமும் உங்க எதிர்லதான் உக்காந்து சாப்பிட்டேன். நீங்க சொல்லச் சொல்ல நான்தான் பெருசாச் சிரிச்சேன். அந்த டிரைவருங்க, தபால்காரனுங்க..." நிறுத்தினான். "அந்தக் காட்சியில ஹீரோவோட முதுகுதான் மாமா தெரியும். முகம்னு இருக்கறது என்னோடது ஒண்ணுதான்."

"அதனாலதான் எடுத்தேன்" என்றார் ஆபரேட்டர்.

சொன்ன பிறகுதான் அது எவ்வளவு கொடுமையான பதில் என்று அவருக்கு உறைத்தது. ஆனால் உண்மை அதுவே. வேறெந்தக் காரணமும் அவரிடம் இல்லை. நின்ற இடத்திலேயே நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது.

"அத்தைகிட்டயும் நானே போய்ச் சொல்லி மன்னிப்புக் கேட்டுடறேன்."

"வேண்டாம்." மைத்துனன் சட்டையை மடிக்கத் தொடங்கினான். கை இரண்டும் தம்பாட்டுக்கு வேலை செய்தன. "உங்களுக்கு மனசு லேசாகணும்னு அவங்ககிட்ட சொல்லாதீங்க. தலைகீழா வந்தான்னா மெஷின் கோளாறு, பிரிண்ட் கோளாறு. வெட்டி எறிஞ்சாங்கன்னா, வெட்டினாலும் கதை ஓடும்ங்கற ஆளாயிடறேன். எங்கம்மா காதுல அது விழ வேண்டாம்."

"எறியல மச்சான். ஆணியில..."

"சரி, மாட்டி வச்சீங்க."

வாசல்வரை போன ஆபரேட்டர் திரும்பி, "வருவியா?" என்றார்.

"அம்மாவைக் கூட்டிக்கிட்டு வரணும்ல" என்றான் அவன்.

வியாழக்கிழமை மேட்னிக்கு முன்பே ஆபரேட்டர் மற்ற மூன்று துண்டுகளையும் அதனதன் இடத்தில் ஒட்டிவிட்டார். வழக்கமாக அதைக் கடைசிக் காட்சி முடிந்த பிறகுதான் செய்வார். முழுப்படம் ஓடினால் கூட்டம் தெருவில் நிற்கும், மேனேஜர் கத்துவார் என்பது தெரிந்தே செய்தார். கத்தட்டும் என்று இருந்தது.

துளை வழியே பார்த்தார். மூவரும் அதே வரிசையில் இருந்தார்கள். தாழ்வாரம் வந்தது. விளக்குகள் மேலே எரிந்தன. கதாநாயகனின் முதுகு நடந்து போயிற்று. வெள்ளைச் சட்டைக்காரன் எதிரே வந்து, கதவைத் தொடுமுன் உள்ளங்கையைச் சட்டையில் துடைத்துக்கொண்டான். சாப்பாட்டுத் தட்டின் முன்னால் உட்காரும்போது ஒவ்வொரு இரவும் அவன் செய்கிற அதே செய்கை. "உள்ள போங்க. உங்களைத்தான் கேட்டுக்கிட்டே இருக்காங்க" என்றான். சொல்லிவிட்டு, உள்ளே போகிறவரைப் பார்க்காமல், தன் கையைப் பார்த்துக்கொண்டு நின்றான். நன்றாகத்தான் செய்திருந்தான்.

அரங்கில் யாரும் அதைக் கவனிக்கவில்லை. ஒருவர் எழுந்து சோடா குடிக்க வெளியே போனார். எங்கோ ஒரு குழந்தை அழுதது. மாமியாரின் தலை மட்டும் ஆடாமல் அசையாமல் நேராக இருந்தது.

அந்தத் தலையைப் பார்த்துக்கொண்டு நின்றதில் ஆபரேட்டர் மூலைப் புள்ளியைக் கோட்டைவிட்டார். ரீல் தீர்ந்து திரை வெள்ளையாகப் பளீரிட்டது. அத்தனை தலைகளும் பின்னால் திரும்பின. அவருடைய தாய் தந்தையர் நினைவுகூரப்பட்டார்கள். தடுமாறி அடுத்த மெஷினுக்கு மாற்றினார்.

காட்சி விட்டதும் வாசல் படியில் மாமியார் அவருக்காகக் காத்துக்கொண்டிருந்தார். மனைவி ஒதுங்கி நின்று சுவரொட்டியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மைத்துனன் அம்மாவின் கைப்பையைப் பிடித்துக்கொண்டு நின்றான். அவரைப் பார்த்து ஒரு தரம் தலையை அசைத்தான். அதில் கோபம் இல்லை. பழைய சிரிப்பும் இல்லை.

"பார்த்துட்டேன் மாப்பிள்ளை" என்றார் மாமியார். "ஒரு வார்த்தைதான் பேசினான், ஆனா கணீர்னு பேசினான். அந்தப் பெரிய நடிகரே இவன் சொன்ன அப்புறம்தானே உள்ள போறாரு." ஆபரேட்டரின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். விரல்களில் ஒட்டியிருந்த டேப்பின் பசை அவர் கையிலும் ஒட்டியது. "கோணலா வந்ததை நீங்க உக்காந்து நிமிர்த்திக் குடுத்தீங்களாமே. இவன்தான் சொன்னான். சொந்தப் புள்ளைகூட இப்படிச் செய்வானா? நீங்க இல்லன்னா நான் இதைப் பார்க்காமலே போய்ச் சேர்ந்திருப்பேன்."

ஆபரேட்டர் மைத்துனனைப் பார்த்தார். அவன் தெருவைப் பார்த்தபடி, "ஆமாம்மா, மாமாதான் போட்டுக் குடுத்தார்" என்றான்.

அவர் கைகளை இழுத்துக்கொள்ளப் பார்த்தார். மாமியார் விடவில்லை. தெருவில் அடுத்த காட்சிக்கான கூட்டம் நெருக்கியது. மேலேயிருந்து மேனேஜர், "கத்திரி, மணி என்னாச்சு தெரியுமா?" என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தார்.

"கூப்பிடறாங்க, போங்க மாப்பிள்ளை. ஆனா ஒண்ணு. அடுத்து இவன் எந்தப் படத்துல வந்தாலும் இங்க நீங்கதான் ஓட்டணும். வேற யார் கையிலயும் குடுத்துடாதீங்க."

அவர் வாய் ஏதோ முணுமுணுத்தது. மாமியார் காதை அருகே கொண்டுவந்தார்.

"ஓட்டறேன் அத்தை" என்றார் ஆபரேட்டர்.